எதிரியின் மந்திரத்தை முறியடித்தல்: முக்கியக் குறிப்புகள்

(டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ் முதன்மையாக, பாத்ஃபைண்டர், ஆர்ஸ் மேஜிகா சுருக்கமாக)

படிக்கத் தொடங்கும் முன்

இந்தப் பகுதியில் பெரும்பாலோர் தவறு செய்வது பதிப்புகளைக் கலந்துவிடுவதால்தான். 2014ஆம் ஆண்டு வீரர் கையேட்டின்படி சரியான விடை, 2024ஆம் ஆண்டுக் கையேட்டின்படி தவறாகிவிடும். அதனால் விதியைப் படிக்கும்போதே ஆண்டையும் சேர்த்து மனதில் ஏற்றிக்கொள்ளுங்கள். ஸ்பெல்லின் தரத்தைக் குறிக்க 'நிலை' என்றும், கதாபாத்திரத்தின் வளர்ச்சியைக் குறிக்க 'லெவல்' என்றும் இங்கே எழுதியிருக்கிறேன். 3ஆம் நிலை ஸ்பெல்லைப் போட விசார்டுக்கு 5ஆம் லெவல் வேண்டும். இந்த இரண்டையும் குழப்பிக்கொண்டால் மேலே படிப்பதில் பயனில்லை.

மந்திரத்தை முறியடிக்க மூன்று நேரங்கள் உண்டு: எதிரி போடுவதற்கு முன், போடும் கணத்தில், போட்டு முடித்த பின். எந்த விதியைப் படித்தாலும் அது எந்த நேரத்துக்கு உரியது என்று முதலில் கேளுங்கள். பாதி வினாக்களுக்கு விடை அதிலேயே கிடைத்துவிடும்.

காலவரிசை

• 1974: கேரி கைகாக்ஸ், டேவ் ஆர்னசன் இருவரும் உருவாக்கிய முதல் டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ் பெட்டி வெளிவந்தது. வெளியிட்டது டி.எஸ்.ஆர். நிறுவனம், இடம் அமெரிக்காவின் விஸ்கான்சின் மாநிலம், லேக் ஜெனிவா. டிஸ்பெல் மேஜிக் அந்தப் பெட்டியிலேயே 3ஆம் நிலை ஸ்பெல்லாக இருந்தது. இன்றும் 3ஆம் நிலைதான்.

• மனப்பாடம் செய்த மந்திரம் ஒருமுறை சொன்னதும் நினைவிலிருந்து அழிந்துவிடும் என்ற அடிப்படை, ஜாக் வான்ஸ் 1950இல் வெளியிட்ட 'தி டையிங் எர்த்' நூலிலிருந்து வந்தது. 'வான்சியன் முறை' என்பது இதைத்தான்.

• 1977–79: அட்வான்ஸ்டு டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ். ஒரு சுற்று 1 நிமிடம், அதில் 10 செக்மென்ட், ஒவ்வொன்றும் 6 விநாடி. ஃபயர்பால் போட 3 செக்மென்ட் ஆகும். அதற்குள் மந்திரவாதி மேல் ஓர் அடி விழுந்தால் ஸ்பெல் கெட்டுவிடும்; நினைவிலிருந்தும் போய்விடும். கவுன்டர்ஸ்பெல் இல்லாமலேயே கவண்கல்லும் கத்தியும் மந்திரத்தை நிறுத்திய காலம் அது. எனக்கு மிகவும் பிடித்த விதி இதுதான். மந்திரவாதிக்கு முன்னால் நிற்கும் போர்வீரனுக்கு இது உண்மையான மதிப்பைக் கொடுத்தது.

• 1997: விசார்ட்ஸ் ஆஃப் தி கோஸ்ட் நிறுவனம் டி.எஸ்.ஆர்.ஐ வாங்கியது.

• 2000: மூன்றாம் பதிப்பு. இதில் எதிர்மந்திரம் போட, உங்கள் முறையிலேயே 'தயார்' நிலை எடுத்துக் காத்திருக்க வேண்டும். எதிரி போடும் ஸ்பெல் எது என்று ஸ்பெல்கிராஃப்ட் சோதனையில் கண்டறிய வேண்டும். இலக்கு எண் 15 + ஸ்பெல் நிலை. பிறகு அதே ஸ்பெல்லை நீங்களும் போட வேண்டும், அல்லது டிஸ்பெல் மேஜிக் போட்டுப் பார்க்கலாம். எதிரி அந்தச் சுற்றில் ஸ்பெல் போடாவிட்டால் உங்கள் முறை வீண். அதனால்தான் இதைப் பயன்படுத்தியவர்கள் குறைவு.

• 2014: ஐந்தாம் பதிப்பு. இன்று நமக்குப் பழகிய கவுன்டர்ஸ்பெல் ரியாக்‌ஷனாக வந்தது இதில்தான்.

• 2024: திருத்திய வீரர் கையேடு. கவுன்டர்ஸ்பெல் அடியோடு மாறியது.

கவுன்டர்ஸ்பெல், 2014

3ஆம் நிலை, அப்ஜுரேஷன் பிரிவு, தூரம் 60 அடி, ரியாக்‌ஷன். கையசைவு மட்டும் போதும், வாய் திறக்க வேண்டாம். சார்சரர், வார்லாக், விசார்டு பட்டியலில் உண்டு. நிபந்தனை: எதிரி ஸ்பெல் போடுவதை நீங்கள் கண்ணால் பார்க்க வேண்டும்.

எதிரியின் ஸ்பெல் 3ஆம் நிலையோ அதற்குக் கீழோ என்றால் தானாகவே தோற்கும், பகடை வேண்டாம். 4ஆம் நிலை முதல் உங்கள் மந்திரத் திறனில் சோதனை. இலக்கு எண் 10 + ஸ்பெல் நிலை. கூடுதல் நிலை ஸ்லாட்டில் போட்டால், அந்த நிலை வரையிலான ஸ்பெல் எல்லாம் தானாகவே தோற்கும்.

கணக்கோடு ஒருமுறை பார்ப்போம். எதிரி கோன் ஆஃப் கோல்டு போடுகிறான். அது 5ஆம் நிலை. உங்கள் விசார்டுக்கு இன்டெலிஜென்ஸ் 18, அதாவது +4. சாதாரண 3ஆம் நிலை ஸ்லாட்டில் தடுக்கிறீர்கள். இலக்கு எண் 15. 20 முகப் பகடையில் 11 அல்லது அதற்கு மேல் விழ வேண்டும். வாய்ப்பு 50 சதவீதம். அதே இடத்தில் 10ஆம் லெவல் அப்ஜுரேஷன் பிரிவு விசார்டு இருந்தால், புரொஃபிஷியன்சி +4ஐயும் சேர்த்துக்கொள்ளலாம். 7 விழுந்தாலே போதும், வாய்ப்பு 70 சதவீதம். 5ஆம் நிலை ஸ்லாட்டையே செலவழித்தால் 100 சதவீதம். ஆனால் எதிரி போடுவது கோன் ஆஃப் கோல்டா, வெறும் கான்ட்ரிப்பா என்பது தெரியாமலே ஸ்லாட்டைத் தேர்ந்தெடுக்க வேண்டும். இந்த விதியின் கடினமான இடம் அதுதான்.

தெரிந்துகொள்ள வழி உண்டா? உண்டு. 2017இல் வந்த 'சானதார்ஸ் கைடு டு எவ்ரிதிங்' நூல் ஒரு விருப்ப விதி தருகிறது: ரியாக்‌ஷனைச் செலவழித்து ஆர்கானா சோதனை, இலக்கு எண் 15 + ஸ்பெல் நிலை. கண்டறியவே ரியாக்‌ஷன் போய்விட்டதால், கண்டறிந்தவரே கவுன்டர்ஸ்பெல் போட முடியாது. இதை வைத்து வினா அமைப்பது எளிது, கவனம். இரண்டு மந்திரவாதிகள் இருக்கும் குழுவில் ஒருவர் கண்டறிந்து சொல்ல, மற்றவர் தடுக்கலாம். அவ்வளவு வேகமாகச் சொல்லிவிட முடியுமா என்பதை முடிவு செய்வது டன்ஜன் மாஸ்டர்.

கவுன்டர்ஸ்பெல்லையே கவுன்டர்ஸ்பெல் கொண்டு தடுக்கலாமா? 2014இல் தடுக்கலாம். தன் முறையில் ஃபயர்பால் போட்ட விசார்டு, அதைத் தடுக்க வந்த கவுன்டர்ஸ்பெல்லைத் தன் ரியாக்‌ஷனால் முறிக்கலாம்.

பார்டுகளுக்கு ஒரு நுணுக்கம்: கிளிப்னெஸ் 8ஆம் நிலை ஸ்பெல். அது இருக்கும் ஒரு மணி நேரத்தில், காரிஸ்மா சோதனையில் எந்த எண் விழுந்தாலும் அதை 15 என்று வைத்துக்கொள்ளலாம். காரிஸ்மா 20 என்றால் +5 சேர்ந்து குறைந்தபட்சம் 20. 9ஆம் நிலை ஸ்பெல்லுக்குக்கூட இலக்கு எண் 19தான். ஆக, மேஜிக்கல் சீக்ரெட்ஸ் வழியாகக் கவுன்டர்ஸ்பெல் கற்ற பார்டு 3ஆம் நிலை ஸ்லாட்டிலேயே விஷ் ஸ்பெல்லைத் தடுத்துவிடுவார்.

கவுன்டர்ஸ்பெல், 2024

நிலை, தூரம், ரியாக்‌ஷன் எல்லாம் பழையபடியே. மாறியவை:

• சோதனை இப்போது எதிரி செய்ய வேண்டியது. அவன் கான்ஸ்டிடியூஷன் சேவிங் த்ரோ போடுகிறான். தோற்றால் ஸ்பெல் கலைகிறது.
• கலைந்தாலும் எதிரியின் ஸ்லாட் செலவாகாது. அந்த ஆக்‌ஷன் மட்டும் வீண்.
• கூடுதல் நிலை ஸ்லாட்டில் போட்டு உறுதி செய்யும் வழி நீங்கியது.
• ஸ்பெல்லில் வாய்மொழி, கையசைவு, பொருள் இவற்றில் ஒன்றாவது இருக்க வேண்டும் என்று நிபந்தனையே சொல்கிறது.
• ஒரு முறையில் ஒரே ஸ்லாட்தான் செலவழிக்கலாம் என்ற பொது விதியால், தன் முறையில் ஸ்லாட் செலவழித்து ஸ்பெல் போட்டவர் அதே முறையில் இன்னொரு ஸ்லாட்டில் கவுன்டர்ஸ்பெல் போட முடியாது.
• சேவிங் த்ரோ என்பதால் லெஜண்டரி ரெசிஸ்டன்ஸ் உள்ள எதிரி அதைச் செலவழித்துத் தப்பலாம். 2014இல் இந்தத் தப்பிக்கும் வழி இல்லை.

என் கருத்தில் 2024 விதி மேலானது. அட்வான்ஸ்டு காலத்தில் தடுக்கப்பட்ட ஸ்பெல் மந்திரவாதியின் நினைவிலிருந்தே போய்விடும். 2014இல் ஸ்லாட் போய்விடும். 2024இல் நேரம் மட்டும்தான் போகிறது. இந்த வரிசையை நினைவில் வையுங்கள். ஒரு வீரர் முக்கால் மணி நேரம் காத்திருந்து தன் முறையில் போட்ட 7ஆம் நிலை ஸ்பெல், பகடை உருளாமலே மறைந்துபோவதைப் பார்த்தவர்களுக்கு இந்த மாற்றம் ஏன் வந்தது என்று விளக்க வேண்டியதில்லை.

கவுன்டர்ஸ்பெல் எங்கே செல்லாது?

60 அடிக்கு அப்பால் செல்லாது. ஃபயர்பால் 150 அடி வரை பாயும். 65 அடியில் நின்று போடுபவனை உங்களால் ஒன்றும் செய்ய முடியாது. எதிரி கண்ணில் படாவிட்டாலும் செல்லாது: கிரேட்டர் இன்விசிபிலிட்டி, ஃபாக் கிளவுட், முழு மறைவு எல்லாம் இதில் அடங்கும். 2014 விதியில் சார்சரரின் சட்டில் ஸ்பெல், 1 சார்சரி பாயிண்டுக்கு வாய்மொழியையும் கையசைவையும் நீக்கிவிடும்; பொருளும் தேவைப்படாத ஸ்பெல் என்றால் போடுவதே தெரியாது. டிராகனின் மூச்சு ஸ்பெல் இல்லை, எனவே செல்லாது. 2022இல் வந்த 'மோர்டென்கைனென் பிரசன்ட்ஸ்: மான்ஸ்டர்ஸ் ஆஃப் தி மல்டிவர்ஸ்' நூல் பல மந்திரவாதி எதிரிகளுக்கு ஆர்கேன் பர்ஸ்ட் என்ற தாக்குதலைத் தந்தது. அதுவும் ஸ்பெல் இல்லை.

கான்சன்ட்ரேஷனை உடைத்தல்

இந்தத் தலைப்பு முழுவதிலும் முக்கியமான பகுதி இது. ஸ்லாட் தேவையில்லை, விசார்டு தேவையில்லை, வில்லும் அம்பும் போதும். நீடிக்கும் ஸ்பெல்களில் ஆபத்தானவை பலவும் கான்சன்ட்ரேஷனில்தான் நிற்கின்றன: ஹோல்டு பர்சன், ஹிப்னாட்டிக் பேட்டர்ன், ஹேஸ்ட், ஃப்ளை, பேனிஷ்மென்ட், கிரேட்டர் இன்விசிபிலிட்டி.

விதி: அடி வாங்கினால் கான்ஸ்டிடியூஷன் சேவிங் த்ரோ. இலக்கு எண் 10, அல்லது வாங்கிய சேதத்தில் பாதி. இரண்டில் எது பெரிதோ அது. 2024 கையேடு உச்சவரம்பு 30 என்கிறது. செயலிழந்தாலோ இறந்தாலோ சேவிங் த்ரோ இன்றியே முடியும். ஒரே நேரத்தில் ஒரு கான்சன்ட்ரேஷன் ஸ்பெல்தான்.

ஒவ்வோர் அடிக்கும் தனிச் சேவிங் த்ரோ என்பதைக் கோடிட்டு வையுங்கள். எதிரி மந்திரவாதியின் சேவிங் த்ரோ +2 என்று கொள்வோம். 22 சேதம் தரும் ஒரே வெட்டு: இலக்கு எண் 11, அவன் தோற்கும் வாய்ப்பு 40 சதவீதம். 7 சேதம் தரும் மூன்று அம்புகள்: ஒவ்வொன்றுக்கும் இலக்கு எண் 10, தோற்கும் வாய்ப்பு 35 சதவீதம், மூன்றில் ஒன்றிலாவது தோற்கும் வாய்ப்பு ஏறத்தாழ 73 சதவீதம். மொத்தச் சேதம் ஏறக்குறைய ஒன்றுதான், பலன் இரண்டு மடங்குக்குக் கொஞ்சம் குறைவு. அடுத்த முறை எதிரி உங்கள் தோழனை ஹோல்டு பர்சனில் நிறுத்தி வைத்தால், கோடரிக்காரனைவிட வில்லாளியை முதலில் அனுப்புங்கள்.

உடைந்த பின் நடப்பதையும் படியுங்கள். ஹேஸ்ட் முடிந்தால், அதைப் பெற்றிருந்தவர் தன் அடுத்த முறை முடியும் வரை நகரவும் முடியாது, செயல்படவும் முடியாது. 60 அடி உயரத்தில் ஃப்ளை முடிந்தால் விழுவார். 10 அடிக்கு 1டி6 வீதம் 6டி6 சேதம்.

எதிரிக்கு உதவுவது: வார் காஸ்டர் ஃபீட் தரும் அட்வான்டேஜ். நமக்கு உதவுவது: மேஜ் ஸ்லேயர் ஃபீட். இதை எடுத்தவர் அடித்தால் எதிரி டிஸ்அட்வான்டேஜோடு கான்சன்ட்ரேஷன் சோதனை செய்ய வேண்டும். 2014 மேஜ் ஸ்லேயரில் இன்னொன்றும் உண்டு: 5 அடிக்குள் எவர் ஸ்பெல் போட்டாலும் ரியாக்‌ஷனாக ஒரு வெட்டு வெட்டலாம். 2024 வடிவத்தில் இந்த வெட்டு நீக்கப்பட்டது.

டிஸ்பெல் மேஜிக்

போட்டு முடித்த ஸ்பெல்லை நீக்குவது. 3ஆம் நிலை, ஆக்‌ஷன், 120 அடி. 3ஆம் நிலை வரை தானாக முடியும். அதற்கு மேல் 10 + ஸ்பெல் நிலை. 2024இலும் சோதனை முறை மாறவில்லை, ஆகவே கிளிப்னெஸ் உபாயம் இங்கே இன்னும் செல்லும்.

குழப்பம் தரும் இடங்கள் மூன்று. ஒன்று: ஓர் ஆளைக் குறிவைத்தால் அவர் மேல் உள்ள 3ஆம் நிலை வரையிலான எல்லா ஸ்பெல்லும் போகும். தோழன் மேல் எதிரியின் ஹோல்டு பர்சனும் உங்கள் கிளெரிக் போட்ட பிளெஸ்ஸும் இருந்தால் இரண்டும் கலையும். 'மந்திர விளைவு' ஒன்றை மட்டும் குறிவைக்கவும் விதி இடம் தருகிறது. குறி எது என்று வாய்விட்டுச் சொல்லுங்கள். இரண்டு: உடனடி கால அளவு கொண்ட ஸ்பெல்லை நீக்க முடியாது. அனிமேட் டெட் எழுப்பிய எலும்புக்கூடு டிஸ்பெல் மேஜிக்கால் விழாது. மூன்று: வால் ஆஃப் ஃபோர்ஸ், ஃபோர்ஸ்கேஜ் இரண்டும் டிஸ்பெல் மேஜிக்குக்கு அசையாது. வால் ஆஃப் ஃபோர்ஸை அழிக்க டிஸ்இன்டிகிரேட் வேண்டும்.

பிரிஸ்மாட்டிக் வால்: ஏழு நிற அடுக்கு. டிஸ்பெல் மேஜிக் அழிப்பது ஊதா அடுக்கை மட்டுமே, அது ஏழாவது. முந்தைய ஆறையும் வேறு வழிகளில் தாண்டிய பிறகே இது பயன்படும்.

2024 அப்ஜுரேஷன் விசார்டு 10ஆம் லெவலில் டிஸ்பெல் மேஜிக்கைப் போனஸ் ஆக்‌ஷனாகப் போடலாம்.

போடுவதற்கு முன்பே தடுப்பது

• சைலன்ஸ்: 2ஆம் நிலை, 20 அடி ஆரம், 10 நிமிடம், கான்சன்ட்ரேஷன். பார்டு, கிளெரிக், ரேஞ்சர். உள்ளே வாய்மொழி ஸ்பெல் எதுவும் போட முடியாது. இதற்குச் சேவிங் த்ரோ கிடையாது. எதிரி நடந்து வெளியேறுவதுதான் பலவீனம். அதனால் பலசாலி ஒருவர் அவனைப் பிடித்து நிறுத்த வேண்டும். வாய்மொழி இல்லாத கவுன்டர்ஸ்பெல்லும் ஹிப்னாட்டிக் பேட்டர்னும் சைலன்ஸுக்குள்ளும் செல்லும்.

• குளோப் ஆஃப் இன்வல்னரபிலிட்டி: 6ஆம் நிலை, 10 அடி ஆரம். வெளியிலிருந்து வரும் 5ஆம் நிலை வரையிலான ஸ்பெல் உள்ளே பாதிக்காது.

• ஆன்டிமேஜிக் ஃபீல்டு: 8ஆம் நிலை, 10 அடி ஆரம், 1 மணி நேரம். கிளெரிக், விசார்டு. உள்ளே எல்லா மந்திரமும் அடங்கும். உங்கள் மந்திர வாளும் வெறும் வாள்தான். ஆர்டிஃபாக்டும் தெய்வம் உண்டாக்கிய மந்திரமும் விதிவிலக்கு. அடங்குவது தற்காலிகம், ஆனால் அடங்கியிருக்கும் நேரமும் ஸ்பெல்லின் கால அளவில் கழியும்.

• ஷீல்டு: 1ஆம் நிலை, ரியாக்‌ஷன். கவசத்துக்கு +5, மேஜிக் மிஸைல் முழுவதும் தடைபடும்.

உடலிலேயே எதிர்ப்பு உள்ளவை

பழைய அட்வான்ஸ்டு விதியில் மேஜிக் ரெசிஸ்டன்ஸ் ஒரு சதவீதம். 11ஆம் லெவல் மந்திரவாதிக்குக் கணக்கிட்டது. அதற்கு மேலோ கீழோ ஒரு லெவலுக்கு 5 சதவீதம் மாறும். 1989இல் வந்த இரண்டாம் பதிப்பு இந்த லெவல் கணக்கை நீக்கியது. மூன்றாம் பதிப்பில் ஸ்பெல் ரெசிஸ்டன்ஸ் என்று ஒரு எண். மந்திரவாதி 1டி20 + தன் காஸ்டர் லெவல் போட்டு அதை எட்ட வேண்டும். ஐந்தாம் பதிப்பில் சேவிங் த்ரோவுக்கு அட்வான்டேஜ், அவ்வளவே.

பிஹோல்டர்: 1975, கிரேஹாக் துணைநூலில் அறிமுகம். நடுக்கண்ணிலிருந்து 150 அடிக்கு ஆன்டிமேஜிக் கூம்பு. அந்தக் கூம்புக்குள் அதன் சொந்தக் கண்கதிர்களும் செல்லாது. நடுக்கண் பார்க்கும் திசையில் நிற்கும் போர்வீரன் கதிர்களுக்கு அஞ்ச வேண்டாம்.

ராட்சசன்: நம் புராணங்களிலிருந்து போன உயிரினம், 1977 மான்ஸ்டர் மேனுவலிலேயே புலித்தலையோடு இருக்கிறான். 2014 விதியில் அவன் விரும்பினாலன்றி 6ஆம் நிலை வரையிலான எந்த ஸ்பெல்லும் அவனைப் பாதிக்காது.

பிற விளையாட்டுகள்

பாத்ஃபைண்டர் இரண்டாம் பதிப்பு, பைசோ நிறுவனம், 2019. இங்கே 'கவுன்டராக்ட்' சோதனை ஒன்றுதான் எல்லாவற்றுக்கும். பெருவெற்றி என்றால் உங்களைவிட 3 நிலை உயர்ந்த மந்திரம் வரை முறியும். வெற்றி என்றால் 1 நிலை உயர்ந்தது வரை. தோல்வியிலும் உங்களைவிடக் கீழான நிலை முறியும். பெருந்தோல்வியில் எதுவும் முறியாது. நான்கு படிகளையும் வரிசை மாறாமல் எழுதிப் பழகுங்கள்.

ஆர்ஸ் மேஜிகா, 1987, ஜோனதன் ட்வீட், மார்க் ரெய்ன்ஹாகன். ஹெர்மீஸ் சங்கத்து மந்திரவாதிகள் சூரிய உதயத்திலும் அஸ்தமனத்திலும் பார்மா மேஜிகா என்ற சடங்கைச் செய்துகொள்கிறார்கள். எதிர்ப்பு = பார்மா மதிப்பு × 5 + அந்த வகை மந்திரத்தில் அவர்களின் மதிப்பு. பார்மா 3, நெருப்பில் 6 என்றால் நெருப்பு மந்திரத்துக்கு எதிர்ப்பு 21. தற்காப்பை அன்றாடக் கடமையாக்கிய இந்த அமைப்பு, நான் படித்தவற்றில் மிக அழகானது.

பயிற்சி வினாக்கள்

1. கூற்று: சைலன்ஸுக்குள் நிற்கும் விசார்டு கவுன்டர்ஸ்பெல் போடலாம். காரணம்: கவுன்டர்ஸ்பெல்லுக்குக் கையசைவு மட்டுமே தேவை. — இரண்டும் சரி. காரணம் கூற்றை விளக்குகிறது.

2. 2024 விதி: எதிரியின் 6ஆம் நிலை ஸ்பெல் கவுன்டர்ஸ்பெல்லால் கலைந்தது. அவன் ஸ்லாட் என்ன ஆகும்? — செலவாகாது.

3. ஒரு சுற்றில் எதிரி 9, 9, 28 என்று மூன்று அடி வாங்கினான். கான்சன்ட்ரேஷன் இலக்கு எண்கள்? — 10, 10, 14.

4. டிஸ்பெல் மேஜிக்கால் நீங்காதது எது: ஹேஸ்ட், ஃப்ளை, அனிமேட் டெட் எழுப்பிய எலும்புக்கூடு? — எலும்புக்கூடு.

5. பாத்ஃபைண்டரில் உங்கள் டிஸ்பெல் 3ஆம் நிலை, எதிரியின் மந்திரம் 5ஆம் நிலை. என்ன விழ வேண்டும்? — பெருவெற்றி. வெறும் வெற்றி 4ஆம் நிலை வரைதான் செல்லும்.

நேரம் குறைவாக இருப்பவர்கள் கான்சன்ட்ரேஷன் பகுதியை முதலில் முடியுங்கள், அடுத்து 2024 கவுன்டர்ஸ்பெல், பிறகு டிஸ்பெல் மேஜிக். ஆன்டிமேஜிக் ஃபீல்டைக் கடைசியில் படிக்கலாம். 15ஆம் லெவலுக்கு முன் அது எந்த வீரரின் கைக்கும் ஸ்பெல்லாக வராது.